எட்டு நிமிடக் கேதாரம்

கம்பம் பள்ளத்தாக்கில் பிறந்தவர்களுக்கென்று ஓர் இலக்கியப் பெருமை உண்டு. கண்ணகி வான ஊர்தி ஏறிப்போன மலை எங்கள் மலை என்பதே அது. கூடலூருக்கு மேலே வண்ணாத்திப்பாறையில், பெரியாறு புலிகள் காப்பகத்துக்குள் இருக்கிறது மங்கலதேவி கண்ணகி கோட்டம். ஆண்டுக்கு ஒருநாள், சித்திரைப் பௌர்ணமியன்று மட்டும் சனங்களுக்காகத் திறக்கும். சிலம்பு சொல்லும் நெடுவேள்குன்றம் அதுதானா, திருச்செங்கோடா என்று ஆய்வாளர்கள் தம்முள் வாதிடலாம். பளியன்குடியிலிருந்து காட்டுப்பாதை வழியே ஏறிச் செல்லும் எங்கள் ஊர்க்காரர்களுக்கு அதில் ஐயமே கிடையாது.

வகுப்பில் இந்தப் பகுதியை நடத்தும்போது மாணவர்களின் கண் அந்த ஊர்தியின்மீதே இருக்கும். எனக்கோ அதற்கு முந்தைய பதினான்கு நாள்தான் முக்கியமாகப் படும். மதுரையை எரித்துவிட்டு வெளியேறியவள் வையையின் ஒரு கரையைப் பிடித்துக்கொண்டு நதிக்கு எதிர்த்திசையில் நடக்கிறாள். இளங்கோ நினைத்திருந்தால் மதுரைக் கோட்டை வாசலிலேயே ஊர்தியை இறக்கியிருக்கலாம். இறக்கவில்லை. நடக்கவிட்டு, மலையேறவிட்டு, வேங்கை மர நிழலில் நிற்கவைத்து, அதன்பின்னரே ஏற்றுகிறார். இன்னொன்றும் கவனிக்கத்தக்கது. மேலே போனவள் அங்கிருந்து என்ன கண்டாள் என்று காப்பியம் சொல்வதில்லை. கீழே நின்ற குன்றக் குறவர் கண்டதையே சொல்கிறது. வஞ்சிக் காண்டம் முழுவதும் அவர்கள் அண்ணாந்து பார்த்த அந்த ஒரு பார்வையிலிருந்து பிறந்ததுதான்.

2023 அக்டோபரில் என் அம்மாவை ஹெலிகாப்டரில் கேதார்நாத்துக்கு அழைத்துச் சென்று வந்தது முதல் இந்த வரிசை, அதாவது முதலில் நடை பிறகு பறத்தல் என்பது, என் மனத்தைவிட்டு அகலவில்லை.

கேதாரத்துக்கு ஹெலிகாப்டரில் போவதைச் சுற்றுலா என்று சொன்னால் பக்தர்கள் கோபிப்பார்கள். ஆனால் இமயத்தின் பனியாற்றுப் பள்ளத்தாக்கு ஒன்றின்மேல் பறந்து அதைக் காண விரும்பும் சாதாரண இந்தியனுக்கு இதைவிட எளிய வழி வேறில்லை. குப்தகாசி, பாட்டா, சேர்சி ஆகிய ஊர்களைச் சேர்ந்த இறங்குதளங்களிலிருந்து பருவகாலத்தில் நாள்தோறும் ஹெலிகாப்டர்கள் ஏறி இறங்கிக்கொண்டிருக்கும். 2023 முதல் இரயில்வேயின் ஐ.ஆர்.சி.டி.சி. நிறுவனமே முன்பதிவை நடத்துகிறது. போகவர ஐயாயிரத்துச் சொச்சம் கட்டினோம். கௌரிகுண்டிலிருந்து நடந்தால் 16 கிலோமீட்டருக்கு மேல் செங்குத்து ஏற்றம். குதிரையிலோ ஆள்சுமக்கும் டண்டியிலோ போனால் ஒரு பகல்பொழுது. பாட்டாவிலிருந்து பறந்தால் ஏறத்தாழ எட்டு நிமிடம்.

தளத்தில் முதலில் நம்மைத் தராசில் ஏற்றுகிறார்கள். மேலே போகப்போகக் காற்று மெலியும். மெலிந்த காற்றில் விசிறிக்குப் பிடிமானம் குறையும். ஆகவே ஒவ்வொரு கிலோவுக்கும் கணக்குண்டு. எண்பதுக்கு மேல் போனால் கூடுதல் கட்டணம். அம்மா நாற்பத்தாறு கிலோ. "நெல்லு மூட்டையவிடக் கொறச்சலாத்தான் இருக்கேன்" என்று சிரித்தாள். உத்தமபாளையத்துப் பக்கத்து இருபோக வயல்களில் இருபது ஆண்டு நாற்று நட்டவள். எழுபத்தொரு வயதில் இரண்டு முழங்காலும் தேய்ந்து, மாடிப்படிக்கே கைப்பிடி தேடுகிறாள். கேதாரத்தைப் பார்க்கவேண்டும் என்ற ஆசை அவளுக்கு எப்படி வந்தது என்று எனக்குத் தெரியாது. வந்துவிட்டது.

வண்டியைப் பார்த்ததும் அவள் கேட்ட முதல் கேள்வி: "ஏய்யா, கொரங்கணிக்கு வந்துச்சே, அது மாதிரிதான இது?"

ஹெலிகாப்டர் என்றால் எங்கள் ஊருக்கு அதுதான் நினைவு. 2018 மார்ச் 11, ஞாயிற்றுக்கிழமை. போடிக்கு மேலே குரங்கணி மலையில் காட்டுத்தீ. சென்னையிலிருந்தும் ஈரோடு, திருப்பூர்ப் பக்கமிருந்தும் வந்த மலையேற்றக் குழுவினர் அதில் சிக்கிக்கொண்டார்கள். இருபதுக்கும் மேற்பட்டோர் இறந்துபோனார்கள். விமானப்படையின் ஹெலிகாப்டர்கள் வந்து மலைமுகடுகளைச் சுற்றின. இரவில் அவற்றால் செய்யக்கூடியது கொஞ்சம்தான். இருட்டோடு இருட்டாக மலையேறி, தீக்காயம் பட்டவர்களைத் தூளிகட்டிச் சுமந்து இறங்கியவர்கள் அக்கம்பக்கத்து ஊர்க்காரர்களும் வனத்துறையினரும்தான். அந்த மலைக்கு இது புதிதும் அன்று. நூறாண்டுகளுக்கு முன் மூணாற்றுத் தேயிலை குண்டளை இரயிலில் டாப் ஸ்டேஷனுக்கு வந்து, அங்கிருந்து கம்பிவடத்தில் தொங்கியபடி கொட்டகுடிக்கு இறங்கி, மாட்டுவண்டியில் போடிநாயக்கனூர் போய்ச்சேர்ந்தது. பெட்டிகள் வானத்தில் போயின, தொழிலாளர்கள் நடந்தார்கள். 1924 வெள்ளம் அந்த இரயிலைக் கொண்டுபோயிற்று.

"இல்லம்மா, இது சின்னது" என்றேன்.

பறந்தோம். தரை எங்களைவிட்டுப் பிரிந்த கணத்தை நான் உணரவே இல்லை. வீடுகள் சிறுத்ததைக் கொண்டே உணர்ந்தேன். படிக்கட்டு வயல்கள், தேவதாருக் காடு, கீழே நூலாக மந்தாகினி. பள்ளத்தாக்கு குறுகக் குறுக இருபுறமும் பாறைச்சுவர்கள் கைக்கெட்டும் தூரத்தில் வருவதாகத் தோன்றின. எதிர்ச்சரிவில் வளைந்து வளைந்து ஒரு கோடு. அதில் வண்ணப் புள்ளிகள் ஊர்ந்தன. நடந்துபோகிறவர்கள். பிறகு மரங்கள் முடிந்துபோயின. பள்ளத்தாக்கு திடீரென அகன்று, கடைசியில் வெண்சுவராக மலை நின்றது. அதன் அடியில் தீப்பெட்டி அளவில் கோயில்.

அம்மா சன்னலோரம். ஏறியதிலிருந்து விரலால் எதையோ காட்டிக் காட்டிக் கேட்டுக்கொண்டே வந்தாள். எஞ்சின் இரைச்சலில் ஒன்றும் காதில் விழவில்லை. வாயசைவைக் கொண்டு புரிந்துகொண்டேன். "அது எந்த ஊரு?" மறுபடி, "அது?" மறுபடி, "அது?" எனக்குத் தெரிந்திருந்தால் அல்லவா சொல்ல.

எங்கள் ஊரில் உயரத்திலிருந்து பார்ப்பது என்றால் பெயர் சொல்வதுதான். மேகமலைக்குப் போகும் வழியில் வண்டியை நிறுத்திப் பாருங்கள், கேரள எல்லையில் இராமக்கல்மேட்டில் நின்று பாருங்கள்: எந்தக் குடும்பமாக இருந்தாலும் முதல் வேலை கைநீட்டுவது. அந்தா சின்னமனூரு, அது உத்தமபாளையம், தள்ளித் தெரியறது கம்பம், அந்தத் தென்னந்தோப்புக்கு அங்கிட்டுத்தான் உங்க மாமா வீடு. பன்னீர்த் திராட்சைப் பந்தல்கள் எங்கே, நெல் எங்கே, முல்லைப் பெரியாறு எங்கே வளைகிறது, லோயர்கேம்ப்பில் மின்நிலையத்துக்கு இறங்கும் இராட்சதக் குழாய்கள் எங்கே என்று ஒருவருக்கொருவர் திருத்திக்கொள்வார்கள். யாரும் அழகு என்று சொல்லி நான் கேட்டதில்லை.

கம்பனின் மீட்சிப் படலத்தை நினைக்கிறேன். போர் முடிந்து புட்பக விமானத்தில் திரும்பும் இராமன் சீதைக்கு ஒவ்வோர் இடமாகக் காட்டிக்கொண்டு போகிறான். போர்க்களம், சேது, கிட்கிந்தை. நம்முடைய உரையாசிரியர்கள் இதைச் சேதுவின் மகிமை என்றும் திருத்தலப் பெருமை என்றும் விரித்துச் சொல்வார்கள். எனக்கு வேறொன்று தோன்றும். சீதைக்கு இது இந்த நிலத்தின்மீது இரண்டாவது பறத்தல். முதல்முறை இராவணன் கொண்டுபோனபோது கீழே இருந்த எந்த மலைக்கும் அவளிடம் பெயரில்லை. ஒரு குன்றின்மேல் சில குரங்குகளைக் கண்டு அணிகலன்களை முடிந்து எறிய மட்டுமே முடிந்தது. இப்போது அதே நிலத்துக்குப் பெயர் சொல்ல அருகில் ஒருவன் இருக்கிறான். அவனால் ஏன் சொல்ல முடிகிறது? அவளைத் தேடி அழுதுகொண்டே அத்தனையும் நடந்தவன் அவன். நடந்த வழியை மேலிருந்து காட்டுகிறான். எங்கள் மேகமலைக் குடும்பங்கள் செய்வதும் அதையேதான்.

தமிழில் நடைக்கு முன்பாகவே பறந்த ஒருத்தியும் உண்டு. சீவக சிந்தாமணியின் விசயை. நிறைசூலியான அவள் மயிற்பொறியில் ஏறித் தப்புகிறாள். பகைவனின் வெற்றி முரசம் கேட்டு மயங்க, பொறி சுடுகாட்டில் இறங்குகிறது. திருத்தக்கதேவர் இயந்திரங்களை நம்பாதவராக இருக்கவேண்டும் என்று நான் வகுப்பில் வேடிக்கையாகச் சொல்வதுண்டு.

ஆனால் ஹெலிகாப்டரை ஏசுவதற்காக இதை எழுதவில்லை. மேலிருந்து மட்டுமே தெரிகிற ஓர் உண்மையும் அங்கே இருந்தது. கேதாரக் கோயில் ஏறத்தாழ 3,580 மீட்டர் உயரத்தில், பனியாறுகள் பல்லாயிரம் ஆண்டுகளாக அரைத்துத் தள்ளிக் குவித்த கல்மேட்டின்மீது நிற்கிறது. அதற்கு மேலே சோராபாரி பனியாறு. பனியாறு வெள்ளையாக இருக்கும் என்றுதான் நானும் நினைத்திருந்தேன். அதன் கீழ்ப்பகுதி சாம்பல் நிறம். கல்லும் மண்ணும் மூடி, உழுது போட்ட கரிசல் மாதிரி கிடக்கிறது. அந்தப் பனியாற்றின் விளிம்பில் ஓர் ஏரி இருந்தது. 1948-இல் காந்தியின் அஸ்தியில் ஒரு பகுதி கரைக்கப்பட்டதால் காந்தி சரோவர் என்று பெயர். 2013 ஜூன் 16, 17 தேதிகளில் பெய்த பெருமழையில் அந்த ஏரியின் கரை உடைந்தது. உத்தராகண்டில் அந்த வெள்ளத்தில் 5,000-க்கும் மேற்பட்டோர் மாண்டனர். கோயிலுக்குப் பின்னால் உருண்டுவந்து நின்ற பெரும்பாறை நீரை இருபுறமும் பிளந்துவிட்டதால் கோயில் தப்பியது என்கிறார்கள். இன்று அந்தப் பாறைக்கும் பூசை நடக்கிறது.

கோயில் வாசலில் நின்றால் பாறைதான் தெரியும். மேலிருந்து பார்த்தால் ஏரி இருந்த குழியும், அது உடைந்த வாயும், வெள்ளம் பாய்ந்த வெண்தழும்பும், அந்தத் தழும்பின் நேர்க்கோட்டில் ஊரும் ஒரே பார்வையில் தெரிகின்றன. பாதிவழியில் ராம்பாடா என்றொரு ஊர் இருந்ததாம். அதுவும் பழைய நடைபாதையின் ஒரு பகுதியும் ஆற்றோடு போயின. இன்றைய பாதை அங்கே ஆற்றைக் கடந்து எதிர்க்கரையில் ஏறுகிறது. பழைய பாதை இந்தக் கரையில் அறுந்து தொங்குவதை, அப்போது அது இன்னதென்று தெரியாமலே, நான் கண்ணாடி வழியே பார்த்தேன். ஒரு பேரழிவின் முழு வடிவத்தைக் காண அந்த உயரம் வேண்டியிருக்கிறது.

என் முன்னாள் மாணவர் ஒருவர் நியூசிலாந்தில் வேலை பார்க்கிறார். கேதாரம் போய்வந்ததைச் சொன்னதும், தாம் ஃபிரான்ஸ் ஜோசஃப் பனியாற்றின்மீது ஹெலிகாப்டரில் பறந்தபோது எடுத்த காணொளியை அனுப்பினார். நீலமும் வெள்ளையுமாகப் பிளவுகள், ஒரு பனிமேட்டில் இறங்கிக் குதிக்கும் பிள்ளைகள். அந்தப் பனியாற்றின் கதையைத் தேடிப் படித்தபோது திகைப்பாக இருந்தது. முன்பெல்லாம் வழிகாட்டியோடு பள்ளத்தாக்கில் நடந்துபோய் அப்படியே பனியின்மேல் ஏறலாமாம். பனி உருகிப் பின்வாங்கி, அதன் முகப்பு சரியத் தொடங்கியதால் 2012-இல் அந்த நடைவழி நின்றுபோனது. அதன்பிறகு பனியைத் தொடவேண்டுமானால் ஹெலிகாப்டர் ஒன்றே வழி. எரிபொருளை எரித்து எரித்துப் பனியை உருக்கினோம், உருகியதால் நடக்கமுடியவில்லை, நடக்கமுடியாததால் இன்னும் கொஞ்சம் எரிபொருளை எரித்துக்கொண்டு பறக்கிறோம்.

எரிமலைகளின்மீதும் இப்படிப் பறக்கிறார்கள். ஹவாய்த் தீவில் கிலாவேயாவின்மேல் பறப்பது பல்லாண்டாக நடக்கும் தொழில். ஐஸ்லாந்தில் 2021 மார்ச்சில் ஃபாக்ரடால்ஸ்ஃபியால் வெடித்தபோது தலைநகரிலிருந்து ஹெலிகாப்டர்கள் சனங்களை ஏற்றிக்கொண்டு போய்த் தீக்குழம்பைக் காட்டின. எங்கள் மலைகளில் தீவாயும் இல்லை, பனியும் இல்லை. அந்த வகையில் நாங்கள் பிழைத்தோம். தீயும் பனியும் ஒருங்கே உள்ள மலை அண்டார்க்டிகாவின் எரபஸ். 1979 நவம்பர் 28 அன்று அதைக் காட்டிவருவதற்காக நியூசிலாந்திலிருந்து கிளம்பிய பயணிகள் விமானம் அதன் சரிவிலேயே மோதி 257 பேர் இறந்தார்கள். மேகமூட்டத்தின் வெளிச்சத்தில் வெண்பனிச் சரிவும் வானமும் ஒன்றாகிவிட, எதிரே மலை இருப்பது விமானியின் கண்ணுக்குத் தெரியவில்லை. இடிபாடுகளில் கிடைத்த பயணிகளின் புகைப்படக் கருவிகளிலிருந்து படங்களைக் கழுவி எடுத்தார்கள். கடைசிவரை நன்றாகவே பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார்கள்.

கேதாரத்து வானமும் கருணை மிகுந்தது அன்று. 2013 ஜூன் 25-இல் மீட்புப்பணிக்கு வந்த விமானப்படை ஹெலிகாப்டர் கௌரிகுண்ட் அருகே விழுந்து இருபது பேர் இறந்தனர். 2022 அக்டோபர் 18-இல் யாத்ரீகர்களோடு விழுந்ததில் ஏழு பேர். அதில் மூவர் நம் தமிழ்நாட்டவர். நாங்கள் போய்வந்த பிறகு, 2025-இல், மே 8 தொடங்கி ஆறு வாரத்துக்குள் சார்தாம் யாத்திரை வழிகளில் ஐந்து ஹெலிகாப்டர் நிகழ்வுகள். ஜூன் 15-இல் மறுபடி கௌரிகுண்ட் அருகே ஏழு பேர். அதே ஆண்டு மார்ச்சில் சோன்பிரயாகிலிருந்து கேதாரத்துக்கு 12.9 கிலோமீட்டர் நீளக் கம்பிவடப் பாதைக்கு மத்திய அமைச்சரவை ஒப்புதல் தந்திருக்கிறது. கொட்டகுடிக்குத் தேயிலை இறங்கியதுபோல் இனி அங்கே பக்தர்கள் ஏறுவார்கள்.

நம்முடைய நாயன்மார்கள் இந்தச் சிக்கலை எப்படித் தீர்த்தார்கள் என்பது சுவையானது. கேதாரத்துக்குச் சம்பந்தரும் சுந்தரரும் பதிகம் பாடியிருக்கிறார்கள். இருவருமே அங்கே போகவில்லை. காளத்தியில் இருந்தபடியே வடநாட்டுத் தலங்களைப் பாடினார்கள் என்கிறது பெரியபுராணம். அப்பரோ போகக் கிளம்பினார், அதுவும் கயிலைக்கு. நடந்து, கால் தேய்ந்து, ஊர்ந்து, உடம்பெல்லாம் தேய்ந்தபின் ஒரு பொய்கையில் மூழ்கித் திருவையாற்றில் எழுந்தார். அங்கேயே கயிலைக் காட்சி கிடைத்தது. காளத்தியிலேயே அமர்ந்து பாடுவதும் தமிழ் மரபுதான், ஊர்ந்து போவதும் தமிழ் மரபுதான். கேதாரத்துக்கு எட்டு நிமிடத்தில் போய்ச்சேர்வதற்குச் சேக்கிழாரிடம் முன்மாதிரி இல்லை. புறநானூற்றில் ஓட்டுநர் இல்லாத வான ஊர்தி ஒன்று வரும்; புலவர் பாடும் புகழுடையார்க்கு மட்டுமே, அதுவும் இவ்வுலக வாழ்வு முடிந்தபிறகு.

தரிசனம் நன்றாக ஆயிற்று. அன்று மாலையே திரும்புவதாக ஏற்பாடு. இரண்டு மணிக்கெல்லாம் பள்ளத்தாக்கின் வாயிலிருந்து மூடுபனி ஏறிவந்து தளத்தை விழுங்கியது. இரவு தங்கினோம். மறுநாளும் விலகவில்லை, சேவை இல்லை என்றார்கள். இருக்கும் வழி ஒன்றே. அம்மாவை டண்டியில் உட்காரவைத்துக் கம்பளியால் சுற்றினோம். நான்கு நேபாளத்து ஆட்கள் தோள்கொடுத்தார்கள். நான் பின்னால் நடந்தேன்.

இறங்க ஒரு பகல் ஆயிற்று. முன்னால் சுமந்தவருக்கு என்னைவிட ஏழெட்டு வயது குறைவாக இருக்கும். அவருக்குத் தமிழ் தெரியாது, அம்மாவுக்கு இந்தி தெரியாது. ஆனால் முதல் திருப்பம் கடப்பதற்குள் இருவருக்கும் ஓர் ஏற்பாடு உண்டாகிவிட்டது. அம்மா விரலை நீட்டுவாள். அவர் பெயர் சொல்வார். அம்மா திருப்பிச் சொல்வாள். அவர் தலையாட்டுவார் அல்லது சிரித்துக்கொண்டு திருத்துவார். லிஞ்சோலி. பாலத்தைக் கடக்கும்போது அவர் டண்டியை இறக்கச் சொல்லி, எதிர்க்கரையில் வெறும் கல்லாகக் கிடந்த சரிவைக் காட்டினார். "ராம்பாடா" என்றார். கையால் ஆறு வந்ததைக் காட்டினார். ஐந்து விரலை விரித்துத் தம் நெஞ்சைத் தொட்டார். அவருடைய ஆட்கள் ஐந்து பேரா, அவர் ஊரார் ஐந்து பேரா, தெரியவில்லை. அம்மா கும்பிட்டாள். கொஞ்சநேரம் யாரும் டண்டியைத் தூக்கவில்லை.

பீம்பலி தாண்டியபோது மூடுபனி கலைந்து, தலைக்குமேல் அந்த ஓசை கேட்டது. அம்மா அண்ணாந்து பார்த்தாள்.

"நேத்து நாம போனப்ப இவங்க நம்மளப் பாத்திருப்பாங்களாய்யா?"

"பாத்திருப்பாங்கம்மா."

"நமக்கு இவங்க தெரியலயே."

கௌரிகுண்டில் பேசிய கூலிக்கு மேல் நான் கொடுத்ததை அவர்கள் வாங்கிக்கொண்டார்கள். அம்மா தன் பங்குக்கு முந்தானையில் முடிந்து வைத்திருந்த நூறு ரூபாய் நோட்டுகளை நால்வருக்கும் தனித்தனியே கொடுத்தாள். முன்னால் சுமந்தவரின் தோளைத் தொட்டுப்பார்த்தாள். சட்டைக்கு அடியில் காய்த்துப்போயிருந்தது.

ஊர் திரும்பியபின் ஒரு மாதம்வரை தெருவில் யாராவது கேட்டுக்கொண்டே இருந்தார்கள். ஹெலிகாப்டரில் போனீங்களாமே, எப்படி இருந்துச்சு என்பதுதான் எல்லோருடைய முதல் கேள்வியும். "தூக்கத்துல தூக்கிட்டுப் போன மாதிரி இருந்துச்சு" என்று ஒரே வரியில் முடித்துக்கொள்வாள். பிறகு திண்ணையில் காலை நீட்டி, முழங்காலைத் தேய்த்துக்கொண்டே, விரலை மடக்கி வரிசையாகச் சொல்ல ஆரம்பிப்பாள்: லிஞ்சோலி, ராம்பாடா, பீம்பலி, அதுக்கு அங்கிட்டு சங்கிலிச்சட்டி. அது ஜங்கிள்சட்டி என்று நான் முதல் இரண்டு முறை திருத்தினேன். பிறகு விட்டுவிட்டேன்.